இது எந்த ஊர்?

திரையரங்குகளில் முதன்மைப் படம் தொடங்குமுன் காட்டப்பட்ட செய்திப் படங்களை நம்மில் ஐம்பது வயதைக் கடந்தோர் மறந்திருக்க மாட்டார்கள். அணைக்கட்டுத் திறப்பு, வெள்ள நிவாரணம், குடியரசு நாள் அணிவகுப்பு என்று கறுப்பு வெள்ளையில் அவை ஓடிக்கொண்டிருக்கும்போது ஆண்கள் வெளியே நின்று பீடி பிடித்து முடிப்பார்கள். பெண்கள் பகுதியில் முறுக்குப் பொட்டலங்கள் அப்போதுதான் பிரிக்கப்படும். திரையை யாரும் பார்ப்பதில்லை. அவற்றைத் தயாரித்தது ‘பிலிம்ஸ் டிவிஷன்’ என்னும் நடுவண் அரசு நிறுவனம். 1948இல் தோன்றிய அது 2022இல் தேசியத் திரைப்பட வளர்ச்சிக் கழகத்தோடு இணைக்கப்பட்டுவிட்டது.

நாம் பொறுமையிழந்து கடத்திய படங்களை எடுத்த அதே நிறுவனத்தில்தான், கலைஞர் சிலருக்கு அவ்வப்போது அளிக்கப்பட்ட சுதந்திரத்தினால், இந்தியாவின் துணிச்சலான சோதனைக் குறும்படங்கள் சிலவும் பிறந்தன. பிரமோத் பதி, எஸ்.என்.எஸ். சாஸ்திரி போன்றோர் அங்கே பணியாற்றியவர்கள். மணி கௌல் 1980இல் அந்நிறுவனத்துக்காக இயக்கிய ‘அரைவல்’ என்ற படம் இவ்வரிசையில் ஒன்று. ‘வந்து சேர்தல்’ என்பது அத்தலைப்பின் பொருள். ஏறத்தாழ இருபது நிமிடம் ஓடும் சிறிய படம்.

பம்பாய் மாநகருக்கு நாள்தோறும் வந்து சேர்பவற்றை அது காட்டுகிறது. காய்கறிகள் வருகின்றன. பழங்கள் வருகின்றன. பூக்களும் மீன்களும் வருகின்றன. ஆட்டு மந்தைகள் வருகின்றன. அவற்றோடு, பிழைப்புத் தேடி ஊரை விட்டுப் புறப்பட்ட மனிதரும் வருகிறார்கள். வந்தவை இறக்கப்படுகின்றன, குவிக்கப்படுகின்றன, எடுத்துச் செல்லப்படுகின்றன. ஆடுகள் அறுபடும் கூடத்தையும் இயக்குநர் நம்மிடமிருந்து மறைக்கவில்லை. கதை என்று ஒன்றுமில்லை, நாயகனும் இல்லை. ஒரு காட்சியை அடுத்த காட்சியின் அருகில் வைப்பதே அவருடைய வாதம். மனிதனும் காய்கறிக் கூடையும் ஒரே நடைமேடையில், ஒரே வெளிச்சத்தில், ஒரே அக்கறையோடு அல்லது ஒரே அக்கறையின்மையோடு கையாளப்படுவதை நாம் பார்த்துக்கொண்டே இருக்க வேண்டும். பார்ப்பவருக்கு அது எளிதாக இராது.

மணி கௌல் 1944இல் சோத்பூரில் பிறந்தவர். பூனா திரைப்படக் கல்லூரியில் ரித்விக் கட்டக்கின் மாணவர். 2011இல் காலமானார். அவர் தம் ஆசானாகக் கருதிய மற்றொருவர் பிரெஞ்சு இயக்குநர் ராபர்ட் பிரெஸ்ஸோன். சிற்றூர்ப் பங்குத்தந்தை ஒருவரைப் பற்றிய ஜார்ஜ் பெர்னானோஸின் நாவலை 1951இல் திரைப்படமாக்கியவர் என்றால் நம் வாசகர் சிலருக்கு நினைவு வரலாம். முகத்தைக் காட்டிக் கண்ணீர் வரவழைக்கும் முறையைப் பிரெஸ்ஸோன் வெறுத்தார். கைகளையும் பொருள்களையும் காட்டினார். மணி கௌலின் படத்திலும் அந்த வறட்சி உண்டு. இரக்கத்தைத் தூண்டும் எந்த முயற்சியையும் அவர் செய்வதில்லை. அதனால்தான் போலும், அப்படம் என்னை முப்பது ஆண்டுகளாக விடவில்லை.

நான் அதை 1993இல் மதுரையில் ஒரு திரைப்படச் சங்கத்தின் திரையிடலில் பார்த்தேன். மின்விசிறி ஓடாத ஒரு கூடம்; முப்பது பேர் இருந்திருப்போம். படம் முடிந்ததும் நடந்த விவாதத்தில் பலரும் பம்பாயைப் பற்றியும் முதலாளியத்தைப் பற்றியும் பேசினர். நான் பேசவில்லை. திரையில் நான் கண்டது பம்பாயை அன்று. என் கையெழுத்தில் நிரம்பிய ஒரு குறிப்பேட்டை. அதைச் சொன்னால்தான் இக்கட்டுரையில் மேலே செல்ல முடியும்.

1990 ஜூன் மாதத்தில் இலங்கையில் போர் மீண்டும் மூண்டது. மன்னார்த் தீவிலிருந்தும் பேசாலை, தலைமன்னார்க் கரைகளிலிருந்தும் படகுகள் தனுஷ்கோடிக்கும் இராமேசுவரத்துக்கும் வந்தவண்ணம் இருந்தன. முப்பது வயதைத் தொடாத நான், பங்கு இளைஞர் சிலரோடு உதவிக்குச் சென்றிருந்தேன். சிலர் ரொட்டிப் பொட்டலம் கொடுத்தனர். சிலர் தண்ணீர் சுமந்தனர். எனக்குக் கிடைத்தது குறிப்பேடு. வரிசை எண், குடும்பத் தலைவர் பெயர், ஆண், பெண், குழந்தைகள், புறப்பட்ட ஊர் என்று கட்டங்கள் போட்டு எழுத வேண்டும். என் கையெழுத்து அச்சுப் போல் இருக்கும் என்பதால் அவ்வேலையை என்னிடம் கொடுத்தார்கள். அதில் எனக்குப் பெருமையும் இருந்தது.

மூன்றாம் நாள் பிற்பகல் என் தாயின் வயதொத்த பெண்மணி ஒருவர் என் மேசைக்கு முன் வந்து நின்றார். கழுத்தில் செபமாலை, இடுப்பில் ஓர் அலுமினியப் பானை, சேலையில் உப்பு காய்ந்து வெள்ளை வெள்ளையாய்ப் படிந்திருந்தது. பெயர் கேட்டேன், சொன்னார். எத்தனை பேர் என்று கேட்டேன். ஐந்து என்றார். எழுதினேன். சற்றுப் பொறுத்து, “இல்லை, நாலு” என்றார். ஐந்தை அடித்துவிட்டு நான்கு என்று எழுதினேன். பக்கத்தில் அடித்தல் விழுந்ததே என்று எனக்கு எரிச்சலாயிருந்தது. பிறகு அவர், “இது எந்த ஊர், தம்பி?” என்று கேட்டார்.

“அடுத்த ஆள் வாங்க” என்றேன் நான்.

அந்தத் திருத்தத்தின் பொருள் எனக்கு அன்று மாலை விளங்கவில்லை; மறுநாளும் விளங்கவில்லை. மதுரையில் அக்கூடத்தில், ஆடுகள் எண்ணப்பட்டு இறக்கப்படும் காட்சியைப் பார்த்துக்கொண்டிருந்தபோதுதான், ஒருவர் ஐந்து என்று சொல்லி ஏன் நான்கு என்று திருத்துவார் என்பது எனக்கு உறைத்தது.

‘அந்நியமாதல்’ என்ற சொல் நம் இலக்கிய உலகில் ஒரு காலத்தில் மிகவும் செல்வாக்காக இருந்தது. மணி கௌல் இப்படத்தை எடுத்த அதே 1980இல்தான் அல்பேர் காம்யுவின் நாவல் ‘அந்நியன்’ என்ற பெயரில் வெ. ஸ்ரீராமின் மொழிபெயர்ப்பில் க்ரியா வெளியீடாக வந்தது. அதைப் படித்த எங்கள் தலைமுறை இளைஞர் பலர், மூன்று வேளையும் அம்மா சமைத்ததைச் சாப்பிட்டுக்கொண்டே, கொஞ்ச நாள் அந்நியராய்த் திரிந்தோம். நகரத்துத் தனிமை, அடுக்குமாடி வீடு, பக்கத்து வீட்டுக்காரர் பெயர் தெரியாமை, பேருந்துச் சன்னலோரத்தில் வெறித்த பார்வை ஆகியவையே அந்நியமாதலின் அடையாளங்கள் என்று எண்ணினோம். அதை ஒருவனுக்குள் நிகழும் மனநிலையாகவே கண்டோம். சற்று அழகான மனநிலையாகவும் கண்டோம் என்பதை ஒப்புக்கொள்ள வேண்டும்.

காரல் மார்க்ஸ் 1844இல் பாரிஸ் நகரில் இருந்தபோது எழுதி, 1932இல்தான் முழுமையாக அச்சேறிய கையெழுத்துப் படிகளில் இச்சொல்லுக்குக் கடினமான பொருள் உண்டு. தொழிலாளி செய்த பொருள் அவனுக்கு அந்நியமாகிறது. செய்யும் தொழிலும் அந்நியமாகிறது. இறுதியில் மனிதனுக்கு மனிதன் அந்நியமாகிறான் என்று அவர் வாதிட்டார். இச்சொல்லைத் திருச்சபையும் ஒதுக்கவில்லை. திருத்தந்தை இரண்டாம் அருள் சின்னப்பர் 1979இல் தம் முதல் சுற்றுமடலிலேயே, மனிதன் ஆக்கியவை அவனுக்கே எதிராகத் திரும்பும் அச்சத்தைப் பற்றி எழுதினார். 1981இல் உழைப்பைப் பற்றிய சுற்றுமடலில், உழைப்பைச் சந்தைச் சரக்காகக் கருதும் போக்கைக் கண்டித்தார். 1991இல், லியோ திருத்தந்தையின் தொழிலாளர் சுற்றுமடலுக்கு நூறாண்டு நிறைந்தபோது எழுதிய மடலில், மார்க்சின் விளக்கத்தை மறுத்தாலும் அந்நியமாதல் என்ற நோய் மேற்கத்தியச் சமூகங்களிலும் உண்டு என ஏற்றுக்கொண்டார். அங்கே அவர் சொல்லும் கருத்து நம்மைத் திடுக்கிடச் செய்வது. தன்னைக் கடந்து செல்லவும், தன்னைப் பிறருக்குக் கையளிக்கவும் மறுக்கும் மனிதனே அந்நியமானவன் என்கிறார்.

இதை என் மேசைக்குப் பொருத்திப் பார்த்தால் என்ன ஆகிறது? அன்று அக்கடற்கரையில் இருவர் இருந்தோம். ஒருவர் கடல் கடந்து வந்தவர், இழந்தவர், தாம் நிற்கும் ஊரின் பெயர் அறியாதவர். ஆயினும் அவர் என்னைத் தம்பி என்றழைத்தார், என்னிடம் ஒன்றைக் கேட்டார். மற்றவன் சொந்த மண்ணில், நிழலில், நாற்காலியில் அமர்ந்திருந்தான். திருத்தந்தையின் அளவுகோல் சரியென்றால் அவ்விருவரில் அந்நியன் யார் என்பதில் எனக்கு ஐயமில்லை.

என் பிழையைப் பெரிதாக்கி அதில் சுகம் காண்பது என் நோக்கமன்று. அந்த மேசை எனக்கு முன்பும் அக்கரையில் இருந்தது. பாம்பன் பாலம் 1914 பிப்ரவரியில் திறக்கப்பட்டு, தனுஷ்கோடிக்கும் தலைமன்னாருக்கும் கப்பல் ஓடத் தொடங்கியது. இலங்கைத் தேயிலைத் தோட்டங்களுக்குச் செல்லும் தமிழ்த் தொழிலாளர் அதன்பின் இவ்வழியே சென்றனர். அதற்கு முன் நம் கரையிலிருந்து தோணிகளில் மன்னார் சேர்ந்து, காட்டு வழியே மாத்தளை வரை நடந்தார்கள்; வழியில் மாண்டவர் பலர். புதிய வழியில் மண்டபத்தில் இலங்கை அரசு ஒரு முகாம் அமைத்தது. அங்கே தொழிலாளரைச் சில நாள் நிறுத்தி வைத்து, நோய் உண்டா என்று சோதித்து, பிறகே கப்பலேற்றினர். தோட்டத்தின் எண் பொறித்த தகர வில்லையைக் கழுத்தில் கட்டி அனுப்பும் வழக்கமும் அக்காலத்தில் இருந்தது. சரக்குக்குச் சீட்டு ஒட்டுவதற்கும் இதற்கும் வேறுபாடு கண்டுபிடிப்பது கடினம். தோட்டத்துக்குப் போனபின் ‘துண்டு’ என்று ஒன்று உண்டு. தொழிலாளியின் பேரிலுள்ள கடன் எவ்வளவு, அதை அடைத்தால் அவனை விட்டுவிடலாம் என்று எழுதிய தாள் அது. அம்முறை சட்டப்படி 1921இல்தான் ஒழிந்தது.

அம்மக்களின் வழித்தோன்றல்கள் 1948இல் இலங்கைக் குடியுரிமைச் சட்டத்தால் நாடற்றவர் ஆனார்கள். 1964 அக்டோபர் 30 அன்று சாஸ்திரியும் சிறிமாவோ பண்டாரநாயக்கவும் ஒப்பந்தம் செய்தனர். 5,25,000 பேர் இந்தியாவுக்கு, 3,00,000 பேர் இலங்கைக்கு; மீதி 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பார்த்துக்கொள்ளலாம் என்று ஒத்திவைத்தனர். 1974இல் அந்த மீதியைச் சரிபாதியாகப் பிரித்துக்கொண்டனர். கணக்கில் ஒரு பிழையும் இல்லை. அம்மக்களிடம் மட்டும் யாரும் கேட்கவில்லை. அவர்களுள் கடல் கடந்து வந்தோர் பலர் தங்கிய இடம் அதே மண்டபம் முகாம். 1983க்குப் பின் போரிலிருந்து தப்பி வந்தோரும் அங்கேயே. 2021இல் தமிழக அரசு இத்தகைய முகாம்களுக்கு ‘இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம்’ என்று புதுப்பெயர் சூட்டியது. 2022 மார்ச்சு முதல், பொருளாதார நெருக்கடி தாளாமல் மீண்டும் படகுகள் அரிச்சல்முனைப் பக்கம் வந்தன. யாரோ ஒருவர் குறிப்பேடு எழுதியிருப்பார். இப்போது அது கணினியாக இருக்கலாம்.

இங்கே ஒரு மறுப்பை எதிர்கொள்ள வேண்டும். எண்ணாமல் எப்படி அரிசி கொடுப்பது? ஆயிரம் பேர் கரையேறும் இடத்தில் ஒவ்வொருவரிடமும் நின்று பேசினால் கடைசியில் நிற்கும் குழந்தைக்குப் பால் கிடைக்காது. குறிப்பேடு இல்லாத அன்பு, வலியவனுக்கு இரண்டு பொட்டலமும் எளியவளுக்கு ஒன்றுமில்லாமலும் போய் முடியும். இம்மறுப்பு நியாயமானது. விவிலியத்திலும் எண்ணுதல் இருவகையாக வருகிறது. எண்ணிக்கை நூலில் மக்களை எண்ணுமாறு ஆண்டவரே கட்டளையிடுகிறார்; குலம் குலமாக, குடும்பம் குடும்பமாக, பெயர் பெயராக எண்ணுகிறார்கள். சாமுவேல் இரண்டாம் நூலில் தாவீது மக்கள்தொகையைக் கணக்கெடுக்கிறான், எடுத்து முடிந்ததும் அவன் மனம் அவனை வாட்டுகிறது, கொள்ளைநோய் வருகிறது. வாள் ஏந்துவோர் எத்தனை பேர் என்பதே அவனுக்கு வந்து சேர்ந்த கணக்கு. மறையுரைகளில் இப்பகுதியை நான் அதிகம் கேட்டதில்லை. அந்நியரை ஏற்பது பற்றிப் பேச வந்தால் எல்லாரும் மத்தேயு 25க்குத்தான் போவோம். அதில் நம்மை வலப்பக்கத்தில் நிறுத்திக்கொள்வது எளிது.

ஆகவே எண்ணியது என் குற்றமன்று என்றே இன்றும் நினைக்கிறேன். வேறெங்கோ இருக்கிறது அது. அதைக் கண்டுகொள்ள எனக்கு உதவியது மற்றொரு குறும்படம். கிரேக்க நாட்டின் தெயோ ஆஞ்சலோபௌலோஸ் பின்னாளில் நீண்ட, மெதுவான படங்களால் உலகப் புகழ் பெற்றவர். அவருடைய முதல் படைப்பு 1968இல் வந்த ‘எக்போம்பி’; ‘ஒலிபரப்பு’ எனலாம். இருபத்து மூன்று நிமிடம், கறுப்பு வெள்ளை. தெசலோனிக்கி விழாவில் விமர்சகர் பரிசு பெற்றது. வானொலி நிகழ்ச்சிக்காரர்கள் ஏதென்ஸ் தெருக்களில் ஒலிவாங்கியோடு நின்று, இலட்சிய மனிதன் எப்படி இருக்க வேண்டும் என்று போவோர் வருவோரிடம் கேட்கிறார்கள். கிடைத்த விடைகளுக்குப் பொருந்தும் ஒருவனைத் தேடிப் பிடிக்கிறார்கள். நடுத்தர வயது, சாதாரண மனிதன். அவனுக்குப் பரிசு, ஒரு திரைப்பட நடிகையோடு சிறிது நேரம். அவன் ஆவலோடு போகிறான். எதிர்பார்த்தது எதுவுமில்லாமல் அது முடிந்துவிடுகிறது.

இப்படத்தில் வறுமை இல்லை. தகர வில்லை இல்லை. யாரும் அவனை இகழவில்லை. நகரமே அவனைப் பார்க்கிறது. மணி கௌலின் கூலிகளை யாரும் பார்ப்பதில்லை என்றால், இவனை எல்லாரும் பார்க்கிறார்கள். எனினும் இவனும் அவர்களைப் போலவே கையாளப்படுகிறான். இரண்டுக்கும் பொதுவாக எதைச் சொல்வது? நான் நெடுநாள் யோசித்துக் கண்டது ஒன்றுதான். இரு இடத்திலும் கேள்வி ஒரு பக்கத்திலிருந்து மட்டுமே வருகிறது. ஒலிவாங்கி வைத்திருப்பவன் கேட்பான். மற்றவன் விடை சொல்வான். முகாம் அதிகாரி கேட்பார், கங்காணி கேட்பான், நான் கேட்டேன். வந்தவர் விடை சொல்ல மட்டுமே வாயுள்ளவர். அவர் திரும்ப ஒரு கேள்வி கேட்டுவிட்டால் நம் ஒழுங்கு குலைகிறது. வரிசை நிற்கிறது. அப்பெண்மணி செய்தது அதைத்தான். நான் பெயர் கேட்டேன், அவர் ஊர் கேட்டார். சரிக்குச் சரி. விடை சொல்ல எனக்கு ஒரு நொடி போதும். இராமேசுவரம் என்று ஒரு சொல். அந்தச் சொல்லை நான் கொடுக்கவில்லை. அவருக்குக் கேட்க உரிமையுண்டு என்பது என் மனத்துக்கு எட்டவே இல்லை.

மணி கௌலின் படத்திடமும் இதே குறையைச் சொல்லலாம் அல்லவா? அவருடைய தொழிலாளர்களுக்கும் பெயரில்லை. கேமரா அவர்களைப் பார்க்கிறது. அவர்கள் கேமராவை எதுவும் கேட்பதில்லை. மதுரை விவாதத்தில் ஒரு மாணவி இதைத்தான் கேட்டாள். யாரும் சரியாக விடை சொல்லவில்லை. இப்படங்களைப் போற்றுவோர் இதை எளிதில் கடந்துவிடுகிறார்கள் என்பது என் கருத்து. ஆனால் ஒன்று சொல்லலாம். நம்மைத் தேற்றுவதற்காக ஒரு தொழிலாளியின் கதையை எடுத்து, அவனுக்கு ஒரு மனைவியையும் பாட்டையும் கொடுத்திருந்தால், நாம் அவனுக்காக அழுதுவிட்டு வீட்டுக்குப் போயிருப்போம். பெயர் தராததனால் அந்த இடம் காலியாகவே நிற்கிறது. என் வரையில் அதில் உப்புப் படிந்த சேலையோடு ஒருவர் வந்து நின்றார்.

அவருடைய பெயர் எனக்கு நினைவில்லை. அழகான கையெழுத்தில் நானே எழுதிய பெயர்.

இனி நான் வாழும் ஊரைப் பற்றிச் சிறிது. ஆசிரியப் பணியின் பொருட்டு 1996இல் இராமநாதபுரம் மாவட்டத்தில் மன்னார் வளைகுடாவை ஒட்டிய பெரியபட்டினத்துக்கு வந்தேன். பணி ஓய்வுக்குப் பின்னும் இங்கேயே தங்கிவிட்டேன். இசுலாமியர் மிகுதியாக வாழும் ஊர். பழைய துறைமுகம். தமிழ்ப் பல்கலைக்கழகம் 1987இல் இங்கே அகழ்ந்தபோது சீனப் பீங்கான் ஓடுகள் ஏராளமாகக் கிடைத்தன, பேராசிரியர் எ. சுப்பராயலுவும் சப்பானிய அறிஞர் நொபொரு கராசிமாவும் அவற்றை ஆராய்ந்து எழுதியிருக்கிறார்கள். 14ஆம் நூற்றாண்டில் இப்பன் பதூதா ‘பத்தன்’ என்று குறித்த துறை இதுவே என்று கருதுவோரும் உண்டு. எபிரேய எழுத்துப் பொறித்த கல்லறைக் கல் ஒன்றும் இவ்வூரில் கண்டறியப்பட்டிருக்கிறது. கடல் கடந்து வந்த ஒரு யூதர் இம்மண்ணில் இறந்து, தம் பெயரோடு, தம் எழுத்தோடு புதைக்கப்பட்டிருக்கிறார். கல்லை வெட்டியவர் அவருடைய இனத்தாராகவே இருக்கலாம். இடம் கொடுத்தது இவ்வூர்.

வந்தாரை ஏற்ற ஊர் இன்று தன் பிள்ளைகளை அனுப்பும் ஊர். வளைகுடா நாடுகளுக்குப் போய் வருவோரை இங்கே ‘சபுராளி’ என்பார்கள். என் அண்டை வீட்டுக்காரர் ஒரு சபுராளி. சவூதியில் இருபத்தாறு ஆண்டு ஒரு கடையில் வேலை; இரண்டு ஆண்டுக்கு ஒருமுறை இரண்டு மாத விடுமுறை. அவர் பணத்தில் எழுந்த வீட்டில் அவர் இருந்த நாள்களைக் கூட்டினால் மூன்று ஆண்டு தேறாது. எல்லாவற்றையும் முடித்துக்கொண்டு ஊர் திரும்பியபின், எந்தச் சுவிட்சு எந்த விளக்குக்கு என்று பேத்தியிடம் கேட்டுத் தெரிந்துகொள்கிறார். தெருவில் இறங்கினால் இரண்டே கேள்விகள்: “எப்ப வந்தீங்க? எப்பப் போறீங்க?” இனிப் போகவில்லை என்று சொன்ன பின்னும் அடுத்த வாரம் அதே ஆள் அதையே கேட்கிறார். “நான் இன்னும் ஏர்போர்ட்லதான் நிக்கிறேன் சார்” என்று ஒருநாள் சிரித்துக்கொண்டே சொன்னார். அவருடைய விடுமுறை நாள்களில் நானும் அவரிடம் அவ்விரண்டு கேள்விகளுக்கு மேல் கேட்டதில்லை.

சென்ற ஆண்டு ஒரு மாலையில், வாசலில் உட்கார்ந்திருந்தபோது கேட்டேன்: “பாய், முதல் தடவை போய் இறங்கினீங்களே, அங்க யார் வந்து கூப்பிட்டா?”

அவர் சற்று நேரம் பேசவில்லை. பிறகு, “ஒரு ஆள் அட்டை பிடிச்சிக்கிட்டு நின்னான் சார். எல்லார் பாஸ்போர்ட்டையும் வாங்கிக்கிட்டான். தலையைத் தொட்டுத் தொட்டு ரெண்டு தடவை எண்ணினான்” என்றார். எண்ணிக்கை சரியாயிருந்ததாம். வேன் கிளம்பியதும் யாரும் யாரோடும் பேசவில்லையாம். இவையெல்லாம் அவர் வீட்டில் சொல்லாதவை. நான் என் குறிப்பேட்டைப் பற்றி அவரிடம் சொன்னேன். மனைவியைத் தவிர வேறு யாரிடமும் அதுவரை சொன்னதில்லை.

கேட்டுவிட்டு அவர் எழுந்து உள்ளே போனார். திரும்பி வந்தபோது கையில் ஒரு பிஸ்கட் டப்பா. அதில் கட்டுக் கட்டாய்க் கடிதங்கள். எல்லாம் என் கையெழுத்து. நான் மறந்தே போயிருந்தேன். இவ்வூருக்கு நான் குடிவந்த புதிதில், காலஞ்சென்ற அவருடைய உம்மா, எழுதப் படிக்கத் தெரியாதவர், வெள்ளிக்கிழமை மாலைகளில் வேலியோரம் வந்து நின்று மகனுக்குக் கடிதம் எழுதச் சொல்வார். அவர் சொல்லச் சொல்ல நான் எழுதுவேன். எழுதி முடித்ததும் ஒரு கிண்ணத்தில் ஏதாவது பலகாரம் வரும். வந்த முதல் நாள் நான் எந்த ஊர்ப் பிள்ளை, தாய் இருக்கிறாளா, சாப்பிட்டேனா என்று கேட்டவரும் அவர்தான்.

ஒரு கடிதத்தைப் பிரித்து அவர் என்னிடம் நீட்டினார். 1997ஆம் ஆண்டுக் கடிதம். செய்தி என்று அதில் பெரிதாக ஒன்றுமில்லை; முழுவதும் கேள்விகள். ராத்திரி என்ன சாப்பிட்டாய்? அங்கே மீன் எந்தக் கடலில் பிடிக்கிறார்கள்? உன் அறையில் எத்தனை பேர்? பக்கத்துக் கட்டிலில் படுப்பவருக்கு எந்த ஊர் என்று கேட்டு எழுது. அவருக்கு உம்மா இருக்கிறாளா?

“அவனுக்கு மலப்புறம் சார்” என்றார் அவர், கடிதத்தை மடித்துக்கொண்டே. “உம்மா கேட்டு எழுதினதுக்கு அப்புறம்தான் நான் அவன்ட்ட பேசவே செஞ்சேன்.”